கொழும்பு நகர நடுவில் ஒரு பழைய சிறு பூங்காவைப் பேணுவது எப்படி

ஒரு லொறி மண், இருபது மூட்டை சீமெந்து, நான்கு வாளி பெயின்ட். நகரத்துப் பழைய பூங்காக்கள் பாழாவதற்குப் பெரும்பாலும் இந்த மூன்றும் போதும். கவனிப்பாரற்றுக் கிடந்த பூங்காவை மீட்டெடுக்கலாம். நல்லெண்ணத்தோடு ஒரே வாரத்தில் ‘அழகுபடுத்திய’ பூங்காவை மீட்பதுதான் கடினம். வேரின்மேல் மண் கொட்டினால் மரம் உடனே சாகாது. நான்கைந்து வருடம் மெல்ல மெல்ல இற்றுப்போகும். அப்போது காரணம் யாருக்கும் நினைவிருக்காது.

ஏறத்தாழ ஓர் ஏக்கர் பரப்பில், சில பெரிய மரங்கள், கிரவல் நடைபாதை, செங்கல் கான் (வடிகால்), இரும்புக் கம்பிவேலி, ஒரு நினைவுக்கல் அல்லது நீர்த்தாரை உள்ள பூங்காவை மனதில் வைத்தே இதை எழுதுகிறோம். மாநகர சபை மேற்பார்வையாளருக்கும், பூங்காவைப் பொறுப்பெடுக்க முன்வரும் சனசமூக நிலையத்துக்கும், பாடசாலைப் பழைய மாணவர் சங்கத்துக்கும் பொருந்தும்.

அனுமதி விடயத்தை முதலிலேயே முடித்துவிடுங்கள். நிலம் யாருடையதோ அவர்களிடமிருந்து எழுத்தில் அனுமதி வேண்டும். 1815 மார்ச் 2ஆம் திகதிக்கு முற்பட்ட கட்டுமானமோ கல்லோ இருந்தால், 1940ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தொல்பொருட்கள் கட்டளைச் சட்டம் குறுக்கே வரும்; தொல்பொருள் திணைக்களத்தைக் கேளாமல் அதில் ஒரு சாந்துக் கரண்டிகூட வைக்காதீர்கள். பலா, ஈரப்பலா, பெண்பனை ஆகியவற்றைத் தறிப்பதற்கு 1951ஆம் ஆண்டுச் சட்டப்படி தனி அனுமதி எடுக்க வேண்டும்.

மழைக்குள் போய் நின்று பாருங்கள்

முதல் வேலைக்கு வேண்டியது ஒரு குடை, ஒரு கட்டு மூங்கில் குச்சி, பூங்காவின் வரைபடம். வரைபடம் இல்லையென்றால் நூறடி நாடாவால் அளந்து நீங்களே வரையலாம். தரையில் ஒரு மீற்றர், தாளில் ஒரு சென்ரிமீற்றர் என்ற அளவு வசதியானது. ஒக்டோபர், நவம்பர் மாதங்களில் பிற்பகல் இடிமழை கொட்டும்போது, அல்லது மே மாதத்தில் தென்மேற்குப் பருவமழை பிடிக்கும்போது உள்ளே போங்கள். மழை விட்டு அரை மணிநேரம் கழித்தும் தண்ணீர் எங்கே நிற்கிறதோ அந்தக் குட்டையின் விளிம்பைச் சுற்றிக் குச்சி நடுங்கள். அடுத்த நாள் காலையும் தண்ணீர் நின்றால் அந்தக் குச்சிகளுக்குச் சிவப்புத் துணி கட்டுங்கள். மூன்று மழை பார்த்தபின் வரைபடத்தில் குறியுங்கள்.

இது ஏன் முதல் வேலை என்பதைக் கணக்கே சொல்லும். ஓர் ஏக்கர் என்பது ஏறத்தாழ 4,047 சதுர மீற்றர். கொழும்பில் ஒரு நல்ல பிற்பகல் மழை 50 மில்லிமீற்றர் பெய்துவிடும். அதாவது இரண்டு லட்சம் லீற்றர். பத்தாயிரம் லீற்றர் பவுசர் இருபது கொண்டுவந்து ஒரே நேரத்தில் கவிழ்த்ததுபோல. அந்தத் தண்ணீருக்கு வழி சொல்லாமல் பூச்செடி வாங்கப் போவது வீண்செலவு.

கொம்பனித்தெருவில் கியூ வீதி என்று ஒன்று இருக்கிறது. 1810இல் அங்கே திறக்கப்பட்ட தாவரத் தோட்டத்தின் பெயர்தான் அது. பேர வாவியை ஒட்டிய தாழ்நிலம். 1813இல் அந்தத் தோட்டத்தைக் களுத்துறைக்குக் கொண்டுபோனார்கள்; பிறகு அது பேராதனைக்குப் போய்ச் சேர்ந்தது. பேராதனைத் தோட்டத்தின் புகழுக்கு முன்னால் கொழும்புத் தாழ்நிலத்தில் அதன் தொடக்கம் மறந்துபோய்விட்டது. நகர நடுவில் வேலை செய்பவர்கள் மட்டும் அதை மறக்கக்கூடாது. இங்கே நிலம் தட்டை, வடியும் இடம் பக்கத்திலேயே ஏறக்குறைய அதே மட்டத்தில் இருக்கிறது.

கானைத் தேடி எடுத்தல்

பழைய பூங்கா என்றால் அநேகமாக ஏற்கெனவே ஒரு செங்கல் கான் இருக்கும். நடைபாதையின் ஓரத்தில், நான்கு அங்குலம் முதல் ஓர் அடி வரை சருகு மக்கிய மண்ணின் கீழே கிடக்கும். அரை அங்குல இரும்புக் கம்பி ஒன்றை மூன்றடிக்கு வெட்டி, பாதையின் ஓரமாக ஒவ்வோர் அடிக்கும் குத்திப் பாருங்கள். மண்ணில் கம்பி ‘சரக்’ என்று இறங்கும். செங்கல்லில் ‘டக்’ என்று நிற்கும். இரண்டு பக்கச் சுவரில் டக், நடுவில் ஆழமாகச் சரக் என்றால் கான் கிடைத்துவிட்டது.

மண்ணை அள்ளும்போது மண்வெட்டியைச் செங்கல்லோடு ஒட்டி இழுக்க வேண்டாம். அடியில் இரண்டங்குலம் விட்டுவிட்டு, மிச்சத்தைச் சாந்துக் கரண்டியால் கையால் எடுங்கள். பிறகு சரிவைப் பாருங்கள். இதற்கு விலையுயர்ந்த கருவி எதுவும் வேண்டாம். முப்பதடி நீளமான தெளிந்த பிளாஸ்டிக் குழாயில் தண்ணீர் நிரப்பி, இரு முனையையும் இரு கம்பத்தோடு பிடித்தால் இரண்டு பக்கமும் நீர் ஒரே மட்டத்தில் நிற்கும். அங்கிருந்து கானின் அடி வரை இரு பக்கமும் அளந்து கழித்தால் வித்தியாசம் வந்துவிடும். குழாய்க்குள் காற்றுக்குமிழி இருந்தால் கணக்குப் பிழைக்கும்; பிடிப்பதற்கு முன் குழாயைத் தட்டிக் குமிழியை வெளியேற்றுங்கள். எட்டு அடிக்கு ஓர் அங்குலச் சரிவு இருந்தால் நல்லது. அதில் பாதி இருந்தாலும் ஓடும், ஆனால் மண் படியும். அடிக்கடி துப்புரவாக்க வேண்டிவரும்.

கான் தெருக் கானோடு சேரும் இடத்துக்கு முன் இரண்டடி நீளம், இரண்டடி அகலம், இரண்டடி ஆழத்தில் ஒரு மண்தொட்டி கட்டுங்கள். உள்ளே வரும் குழாயும் வெளியே போகும் குழாயும் தொட்டியின் அடியிலிருந்து ஓரடிக்கு மேல் இருக்க வேண்டும். சருகும் மண்ணும் தொட்டியில் தங்கும், தெருக்கான் அடைபடாது. ஏப்ரல் கடைசியிலும் செப்டெம்பர் கடைசியிலும் தொட்டியை வெறுமையாக்குங்கள். மழைக்காலத்தில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பார்த்தால் போதும். ஆனால் தொட்டியில் ஓரடித் தண்ணீர் எப்போதும் நிற்குமே, அதில் நுளம்பு பெருகும். அதற்கு இறுக்கமான மூடியோ நுண்வலையோ கட்டாயம்.

தாழ்ந்த இடத்தை மண் போட்டு உயர்த்தலாமே என்று யாராவது சொல்வார்கள். மரம் இல்லாத மூலையில் செய்யலாம். மரத்தின் கீழ் செய்யவே கூடாது.

மரத்தடி

பூங்காவின் உயிர் பெரிய மரங்களில்தான் இருக்கிறது. கொழும்பில் அது பெரும்பாலும் மாரா மரம் (தமிழ்நாட்டில் தூங்குமூஞ்சி மரம் என்பார்கள்), ஆல், மகோகனி, பூமருது, கடலோரமென்றால் புன்னை, பூவரசு. மற்ற எல்லாம் கெட்டாலும் திருத்தலாம். எண்பது வருட மரத்தைத் திரும்ப வைக்க எண்பது வருடம் வேண்டும்.

முதலில் அடிமரத்தைப் பாருங்கள். தரையில் இறங்கும் இடத்தில் அது யானைக்கால்போல விரிந்து, முக்கிய வேர்கள் நான்கு பக்கமும் புடைத்துத் தெரிய வேண்டும். விளக்குக் கம்பம் நட்டதுபோல நேராக இறங்கினால் மண் ஏறிவிட்டது என்று பொருள். புதைந்த பட்டை ஈரத்தில் ஊறி அழுகும். கீழே உள்ள நுண்வேர்களுக்குக் காற்றுக் கிடைக்காது. ஆறு அங்குலம் மண் ஏறினாலே பல மரங்களுக்கு அது தீங்கு.

அந்த மண்ணை மண்வெட்டியால் எடுக்காதீர்கள். கைமுள்ளும் தும்புத் தூரிகையும் கொண்டு, அடிமரத்திலிருந்து வெளிப்புறமாக மூன்றடி வரை, பழைய வேர்த்தோள், அதாவது முக்கிய வேர்கள் விரியும் இடம், தெரியும் மட்டும் எடுங்கள். பென்சிலைவிடத் தடித்த வேர் எதையும் வெட்ட வேண்டாம். அடிமரத்தைச் சுற்றிக் கொண்டு மேலேறி நெரிக்கும் வேரைக் கண்டால் படம் எடுத்து மரம் தெரிந்தவரிடம் காட்டிய பின்பே கை வையுங்கள். மழைக்காலத் தொடக்கத்தில் செய்தால் வெளியே வந்த பட்டை வெயிலில் வெடிக்காது.

மரத்தைச் சுற்றி எவ்வளவு தூரம் தோண்டக்கூடாது என்பதற்கு ஓர் எளிய கணக்கு: தரையிலிருந்து நாலரை அடி உயரத்தில் அடிமரத்தின் சுற்றளவை அளந்து, நான்கால் பெருக்குங்கள். பத்தடிச் சுற்றளவு மாராவுக்கு நாற்பதடி ஆரம். அந்த வட்டத்துக்குள் கான் வெட்டுவது, கேபிள் புதைப்பது, லொறி ஏற்றுவது, மணல் குவிப்பது, சீமெந்து குழைப்பது எதுவும் வேண்டாம். ஓர் ஏக்கரில் அப்படி நான்கு பெரிய மரம் நின்றால் பூங்காவில் கிட்டத்தட்டப் பாதி இந்த வட்டங்களுக்குள் வந்துவிடும். அதுதான் உண்மை நிலை. வேலைத்திட்டத்தை அதற்கேற்ப வளைக்க வேண்டும். தேசிய நூதனசாலை முற்றத்து ஆலமரத்தைப் போய்ப் பாருங்கள். பெரிய மரத்துக்கு எவ்வளவு இடம் வேண்டும் என்பதை எந்த வரைபடத்தையும்விட அது நன்றாகச் சொல்லும்.

மண் இறுகிவிட்டதா என்று பார்க்க, மழை பெய்த மறுநாள் அதே அரை அங்குலக் கம்பியை உடல் பாரம் கொடுத்து அழுத்துங்கள். ஆறங்குலம் இறங்காவிட்டால் இறுகிவிட்டது. இரண்டாம் உலகப் போரின்போது படையினர் தங்கிய விக்டோரியா பூங்கா, அதாவது இன்றைய விகாரமகாதேவி பூங்கா, திருத்தப்பட்டு 1951இல்தான் மீண்டும் மக்களுக்குத் திறக்கப்பட்டது. இப்போது படை வருவதில்லை. மேடை வருகிறது, ஜெனரேற்றர் லொறி வருகிறது. ஈரமண்ணில் லொறி ஒருமுறை ஏறி இறங்கினாலே சக்கரத்தடத்தின் கீழ் மண் செங்கல்லாகிவிடும். நிகழ்ச்சிக்கு இடம் கொடுக்கும் கடிதத்தில் ‘வாகனம் வாசலோடு நிற்க வேண்டும்’ என்ற ஒரு வரியைச் சேர்த்துக்கொள்ளுங்கள்.

இறுகிய மண்ணை உழக்கூடாது, வேர் அறுந்துவிடும். தோட்ட முள்ளால் ஓரடிக்கு ஒன்றாக எட்டு அங்குல ஆழத்துக்குக் குத்தி, சற்றே முன்பின் ஆட்டி, துளைக்குள் மக்கிய கூட்டெருவும் ஆற்றுமணலும் சரிபாதி கலந்து தூவுங்கள். தடித்த வேரில் முள் தட்டினால் அரையடி தள்ளிக் குத்துங்கள். மேலே மூன்று அங்குலம் சருகுப் போர்வை போடுங்கள், அடிமரத்தைத் தொடாமல் அரையடி விட்டு. மரத்தடியில் விழும் சருகை ஈர்க்குமாற்றால் வெள்ளை மண் தெரியும்வரை பெருக்கும் பழக்கம் நமக்கு உண்டு. நடைபாதையில் அப்படிப் பெருக்குங்கள். மரத்தடியில் சருகை விடுங்கள். அது குப்பை அல்ல, மரத்தின் சாப்பாடு.

கிளை வெட்டுவதென்றால் சனவரி, பெப்ரவரி நல்ல காலம். மூன்று வெட்டு வெட்ட வேண்டும். அடிமரத்திலிருந்து ஓரடி தள்ளி, கீழ்ப்பக்கமாகக் கிளைத் தடிப்பில் மூன்றில் ஒரு பங்குக்கு முதல் வெட்டு. அதற்கு இரண்டங்குலம் வெளியே மேலிருந்து இரண்டாவது, கிளை விழும். மிஞ்சிய கட்டையைக் கிளைக்கழுத்தின், அதாவது கிளை சேரும் இடத்தில் வளையமாகப் புடைத்திருக்கும் பகுதியின், வெளிவிளிம்போடு மூன்றாவது வெட்டு. முதல் வெட்டைத் தவிர்த்தால் கிளை தன் பாரத்தில் கிழிந்து, பட்டையை அடிமரம் வரை உரித்துக்கொண்டு விழும். கழுத்தையும் சேர்த்து வழித்து வெட்டினால் காயம் மூடாது. வெட்டிய இடத்தில் தாரோ பெயின்டோ பூச வேண்டியதில்லை. ஒரு வருடத்தில் பச்சை இலைத் தொகுதியின் கால்வாசிக்கு மேல் எடுக்காதீர்கள். உச்சியை மொட்டையடிப்பதை அறவே விடுங்கள். வெட்டுவாயில் துளிர்த்து வரும் கிளைகள் உறுதியில்லாதவை, பத்து வருடத்தில் அவைதான் முறிந்து ஆள்மேல் விழும். உயரத்தில் செய்ய வேண்டிய எந்த வெட்டும் கயிறும் தலைக்கவசமும் உள்ள பயிற்சி பெற்றவரின் வேலை.

குருவிச்சை பிடித்த கிளையைக் குருவிச்சை ஒட்டிய இடத்துக்கு ஓரடி உட்பக்கமாக வெட்ட வேண்டும். இலையை மட்டும் பிய்த்தால் மறுபடி வரும். அடிமரத்தில் தட்டுப்போலக் கெட்டியான பழுப்புக் காளான், தரையில் புதிய வெடிப்பு, ஒரு பக்கம் மண் மேலெழும்புதல், முன்பு இல்லாத சாய்வு. இவற்றில் ஒன்றைக் கண்டாலும் அன்றே அந்த மரத்தைச் சுற்றிக் கயிறு கட்டி ஆட்களை விலக்கி, மாநகர சபைக்கு எழுத்தில் அறிவியுங்கள். மரப்பொந்தைச் சீமெந்தால் அடைப்பது பழைய வழக்கம். உள்ளே ஈரம் அடைபட்டு அழுகல் கூடும், எவ்வளவு அழுகியது என்று பார்க்கவும் முடியாது. மழைநீர் தேங்கும் பொந்தானால் விளிம்பு வரை மணல் நிரப்புங்கள், நுளம்பு முட்டையிடாது.

வெசாக் காலத்திலும் மற்றத் திருநாட்களிலும் சுற்றும் மின்விளக்கு வயரைத் திருநாள் முடிந்ததும் கழற்றிவிட வேண்டும். மரம் தடிக்கும், வயர் தடிக்காது. இரண்டு வருடத்தில் பட்டைக்குள் புதைந்துவிடும்.

நடைபாதை

இன்டர்லொக் கல்லை எல்லோரும் கேட்பார்கள். மரவேர் இல்லாத வாசல் பக்கம் அது பரவாயில்லை. மரத்தடியில் கிரவல் பாதையே எங்கள் தேர்வு. இன்டர்லொக்குக்கு அடித்தளம் தோண்ட வேண்டும், அதிலேயே வேர் போய்விடும்; தப்பிய வேர் நான்கு வருடத்தில் கல்லைத் தூக்கும், வயதானவர்கள் தடுக்கி விழுவார்கள், உடனே மரத்தின்மேல் பழி வரும்.

ஐந்தடி அகலப் பாதை போதும்; சக்கரநாற்காலியும் நடப்பவரும் ஒருவரையொருவர் கடக்கலாம். வேர் இல்லாத இடத்தில் ஆறங்குலம் தோண்டி, நான்கு அங்குலம் முக்கால் அங்குலச் சல்லி போட்டு உருளையால் இறுக்குங்கள். அதன்மேல் இரண்டங்குலம் கிரவல், நீர் தெளித்து மறுபடி உருளை. நடுவில் முக்கால் அங்குலம் உயர்ந்து இரு பக்கமும் சரிய வேண்டும். இதற்கு ஐந்தடி நீளப் பலகை ஒன்றின் அடியை அந்த வளைவுக்குச் செதுக்கி, இழுத்துப் பார்த்தபடியே பரப்பினால் கண்மதிப்புப் பிழைக்காது. வேர் உள்ள இடத்தில் தோண்டாமல், நிலத்தின் மேலேயே நீர் புகும் ஜியோரெக்ஸ்டைல் துணி விரித்து, அதன்மேல் மூன்றங்குலம் சல்லியும் கிரவலும் மட்டும். அங்கே உருளை வேண்டாம், கையால் தட்டுங்கள்.

நூறடி நீளம், ஐந்தடி அகலம், இரண்டங்குலம் தடிப்புக்கு 83 கன அடி வரும். இறுக்கும்போது அமுங்குவதற்கு முப்பது வீதம் கூட்டினால் 108. அதாவது ஒரு கியூபுக்கு (நூறு கன அடி) சற்று மேல். வாங்கும்போது ஒரு பிடி கிரவலை நனைத்து உருட்டிப் பாருங்கள். உருண்டையாக நின்று, விரலால் அழுத்தினால் உடைய வேண்டும். உருண்டை பிடிக்காவிட்டால் களி போதாது, முதல் மழையிலேயே கழுவுப்படும். பசைபோல ஒட்டினால் களி அதிகம், மழைக்குச் சேறாகும்.

கல், சுண்ணாம்பு, இரும்பு

கோட்டையில் சனாதிபதி மாளிகையை ஒட்டியது கோர்டன் தோட்டம். 1883 முதல் 1890 வரை ஆளுநராக இருந்த ஆதர் கோர்டனின் பெயர் அது. 1898இல் துறைமுக அலைதடுப்பு வேலையின்போது கிடைத்த, போர்த்துக்கேய அரச இலச்சினையும் சிலுவையும் பொறித்த பாறை அந்தத் தோட்டத்தில் வைக்கப்பட்டது. அதில் 1501 என்று வாசிக்கப்படும் ஆண்டு பற்றி வரலாற்றாளர்களுக்குள் விவாதம் உண்டு, ஏனென்றால் போர்த்துக்கேயர் வந்ததாகச் சொல்லப்படும் ஆண்டு 1505. ஓர் இலக்கத்தின் வளைவில் ஒரு நூற்றாண்டு விவாதம் தொங்குகிறது. குளியலறைக்குப் போடும் அமிலத்தால் ஒருமுறை கழுவினால் அப்படியான வளைவு போய்விடும்.

ஆகவே எழுத்துள்ள எந்தக் கல்லுக்கும்: சுத்தமான தண்ணீர், மென்மையான தும்பு அல்லது நைலோன் தூரிகை, பொறுமை. கல்லை முதலில் நனைத்து, கீழிருந்து மேலாகத் தேய்த்து, மேலிருந்து கீழாகக் கழுவுங்கள். இல்லாவிட்டால் வழியும் அழுக்கு கீழே கோடாகப் படியும். அமிலம், குளோரின், கம்பித்தூரிகை, அழுத்தநீர் இயந்திரம் நான்கும் வேண்டாம். எழுத்துக்குள் கறுப்பு மையிட்டு ‘தெளிவாக்குவதும்’ வேண்டாம்; மை இட்டவர் வாசித்ததைத்தான் பிறகு எல்லோரும் வாசிக்க நேரும். பொழுது சாயும் வெயிலில் பக்கவாட்டு ஒளியில் படம் எடுத்தாலே எழுத்துத் தெரியும்.

பழைய செங்கல் சுவரிலும் கானிலும் சாந்து உதிர்ந்திருந்தால் சீமெந்து பூசாதீர்கள். பழைய செங்கல் மென்மையானது, ஈரத்தை உறிஞ்சி விடும். பழைய சுண்ணாம்புச் சாந்து வழியே அந்த ஈரம் வெளியேறும். சீமெந்து அந்த வழியை அடைக்க, ஈரமும் உப்பும் செங்கல்லுக்குள் சேர்ந்து, ஒன்றிரண்டு வருடத்தில் செங்கல்லின் முகம் செதில் செதிலாகக் கழன்று விழும். சீமெந்துக் கோடு மட்டும் வலைபோல முன்னே நீட்டிக்கொண்டு நிற்கும். நகரத்தில் பழைய சுவர்களை உற்றுப் பார்த்தால் இதை அடிக்கடி காணலாம்.

சாந்துக்கு, குறைந்தது மூன்று மாதம் நீரில் ஊறிய சுண்ணாம்புக் களி ஒரு பங்கு, கழுவிய கூர்மணல் மூன்று பங்கு. கடல்மணல் வேண்டாம், உப்பு. உதிர்ந்த சாந்தை ஓரங்குல ஆழத்துக்குச் சுரண்டி எடுத்து, தூசியை ஊதி, செங்கல்லை நனைத்து, புதுச் சாந்தை இறுக்கமாகத் திணியுங்கள். ஈரச் சாக்கால் மூடி ஏழு நாள் காலை மாலை தண்ணீர் தெளிக்க வேண்டும். சுண்ணாம்பு மெதுவாகத்தான் இறுகும். வெயிலில் சட்டென்று காய்ந்தால் விரலால் தடவவே பொடியாகும். சுண்ணாம்பு கண்ணில் பட்டால் பார்வையே போகலாம். கண்ணாடியும் கையுறையும் போடாமல் வேலைக்கு விடாதீர்கள்.

சுவரில் ஆல், அரசு முளைத்திருந்தால், விரல் தடிப்புக்குள் இருக்கும்போதே மழைக்கு மறுநாள் மெல்ல இழுத்து வேரோடு எடுங்கள். அரசங்கன்று என்றால் சட்டியில் வைத்து ஒரு விகாரைக்கோ கோயிலுக்கோ கொடுங்கள். இரு சமயத்தாருக்கும் அது வணக்கத்துக்குரிய மரம், வெட்டி எறிந்தால் தேவையில்லாத மனக்கசப்பு வரும். தடித்துவிட்டால் இழுக்காதீர்கள், சுவர் சேர்ந்து வரும். அந்த இடத்துச் செங்கல்லை இலக்கமிட்டுக் கழற்றி, வேரை எடுத்து, திரும்பக் கட்ட வேண்டும்.

கடற்காற்று படும் கோட்டை, காலி முகத்திடல் பக்கங்களில் இரும்பு வேலியை மாதம் ஒருமுறை நல்ல தண்ணீரால் கழுவினாலே அதன் ஆயுள் கூடும். துருவைக் கம்பித்தூரிகையால் கெட்டி இரும்பு வரை எடுத்து, அன்றே பிறைமர் அடியுங்கள். ஓர் இரவு விட்டால் உப்புக்காற்றில் மறுபடி துரு பூக்கும். பிறைமர் இரண்டு பூச்சு, எனாமல் இரண்டு பூச்சு. கம்பி கல்லுக்குள் இறங்கும் அடிப்பகுதியைக் குறிப்பாகக் கவனியுங்கள். அங்கே தண்ணீர் நின்றால் உள்ளே துரு பருத்து, கல்லையே பிளக்கும்.

புல்லும் செடியும்

அடர்ந்த நிழலில் புல் வராது. இரண்டுமுறை பதித்தும் செத்தால் மூன்றாவது முறை பதிக்காதீர்கள். சருகும் பன்னச்செடியும் போதும். வெயில் படும் இடத்தில் மலேசியப் புல் என்று விற்பதை ஒக்டோபரில் பதித்து, இரண்டங்குல உயரத்தில் வெட்டி வாருங்கள். ஒட்ட வழித்தால் கோரை முந்திக்கொள்ளும். மக்கள் குறுக்கே நடந்து நடந்து ஒரு தடம் விழுந்துவிட்டால் வேலி கட்டாமல் அதையே பாதையாக்கிவிடுங்கள், அவர்கள் நடப்பது நிற்காது.

பூச்செடிக்குச் செவ்வரத்தை, நந்தியாவட்டை, வெட்சி, குரோட்டன் எல்லாம் நகரத்தைத் தாங்கும். கன்றை வாங்கும்போது பையிலிருந்து உருவிப் பாருங்கள். வேர் சுருள் சுருளாகச் சுற்றியிருந்தால் வேண்டாம். குழி பையின் அதே ஆழம், இரண்டு மடங்கு அகலம். ஆழமாக நட்டால் கழுத்து அழுகும். சனவரி, பெப்ரவரியில் ஒரு மரக்கன்றுக்கு வாரம் மூன்று முறை பத்து லீற்றர்.

நுளம்பு

டெங்கு நுளம்பு முட்டையிலிருந்து பறப்பதற்கு எட்டுப் பத்து நாள் போதும். ஆகவே வாரத்தில் ஒரு நாளைக் குறித்து, அன்று பூங்காவைச் சுற்றிவர வேண்டும்: நீர்த்தாரைத் தொட்டி, மண்தொட்டி மூடி, இருக்கையின் குழாய்க்கால், வேலிக்கம்பியின் உடைந்த தலை, மரப்பொந்து, தென்னஞ்சிரட்டை, யோகட் கோப்பை. தொட்டியை வெறுமையாக்கினால் மட்டும் போதாது. முட்டை சுவரில் ஒட்டிக் காய்ந்தபடி மாதக்கணக்கில் உயிரோடிருக்கும். தூரிகையால் தேய்த்துக் கழுவ வேண்டும். ஓடாத நீர்த்தாரையில் கப்பி மீன் விடலாம். 2007ஆம் ஆண்டின் நுளம்புப் பெருக்கத் தடுப்புச் சட்டம் பொது இடத்துக்கும் பொருந்தும். பொதுச் சுகாதாரப் பரிசோதகர் வரும்போது காட்ட, சுற்றிவந்த திகதிகளை ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள்.

பெயர்ப்பலகை

மூன்று மொழியிலும் பலகை வைப்பீர்கள். அதில் தமிழ் பிழையாக வருவது இந்த நாட்டில் எவ்வளவு சாதாரணம் என்பது நமக்குத் தெரியும். சொந்த ஊர்ப் பூங்காவில் தன் மொழி உடைந்து நிற்பதைப் பார்ப்பது ஒரு பிள்ளைக்கு நல்லதல்ல. பிழை எங்கே நுழைகிறது என்று தெரிந்தால் தடுக்கலாம். நீங்கள் யூனிகோடில் தட்டச்சிட்டு அனுப்புவீர்கள். அச்சகத்தில் பாமினி போன்ற பழைய எழுத்துருவுக்கு மாற்றும்போது கொம்பு முன்பின்னாகும், துணைக்கால் ‘ர’ ஆகும், புள்ளி விழும். ‘கோ’ என்ற எழுத்து மூன்று துண்டாகப் பிரிந்து நிற்கும்.

அதற்கு வழி: எழுத்துகளை வடிவமாக மாற்றிய பிடிஎஃப் கோப்பாகவே கொடுங்கள். அச்சகம் தரும் மாதிரியைத் திரையில் மட்டும் பார்க்காமல் தாளில் எடுத்து, தமிழ் வாசிக்கும் இருவர், ஒருவர் உரத்து வாசிக்க மற்றவர் மூலத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். அந்த இருவரில் ஒருவர் எழுதியவராக இருக்கக்கூடாது. பிறகு தாளில் ‘சரி’ என்று கையொப்பமிட்டுத் திருப்பிக் கொடுங்கள். அதன்பின் வரும் பிழைக்கு அச்சகம் பொறுப்பு. ஆறேழு அடி தூரத்தில் நின்று வாசிக்க எழுத்தின் உயரம் முக்கால் அங்குலமாவது வேண்டும். தமிழில் எழுத்தின் குறிகள் மேலும் கீழும் நீள்வதால், மற்ற மொழிகளுக்கு விட்ட வரி இடைவெளி போதாது, சற்றுக் கூட்டுங்கள்.

மரத்தின் பெயர்ப்பலகையை மரத்தில் ஆணியடிக்காமல், வேர் படாத இடத்தில் தனிக்கம்பத்தில், தரைக்குள் ஒன்றரை அடி இறக்கி நிறுத்துங்கள். கம்பத்துக்குக் குழி தோண்டும்போது வேர் தட்டினால் அரையடி நகர்த்துங்கள்.